இதயத்தின் அகவணியைப் பற்றும் கிருமித்தொற்று – காரணங்களும் அறிகுறிகளும்

காய்ச்சல் என்பது கிராமத்து மக்களுக்குப் புதிய விருந்தாளி அல்ல. மாரி தொடங்கினால் டெங்கு, வயல் வேலைக் காலத்தில் எலிக்காய்ச்சல், பனிக்காலத்தில் தடிமனும் தொண்டைநோவும் என ஆண்டு முழுவதும் ஏதோ ஒன்று வந்து போகின்றது. வன்னிப் பகுதியிலே ஒருகாலத்தில் குளிர்நடுக்கத்தோடு வரும் காய்ச்சல் எல்லாம் மலேரியா என்றே கொள்ளப்பட்டது. 2016 இல் இலங்கை மலேரியா அற்ற நாடென உலக சுகாதார நிறுவனத்தினால் சான்றளிக்கப்பட்டது. இத்தகைய காய்ச்சல்களுட் பெரும்பாலானவை ஒரு கிழமையிலோ இரண்டு கிழமையிலோ ஒரு முடிவுக்கு வந்துவிடும். அவ்வாறு முடிவுக்கு வராமல், பனடோல் குடித்தால் விட்டும் பின்னர் தொட்டும், கிழமைக் கணக்கில் இழுபடுகின்ற காய்ச்சல்கள் சில உண்டு. அவற்றுள் ஒன்றே இதய அகவணி அழற்சியாகும். இது அதிகம் பேருக்கு வருகின்ற நோயன்று. ஆனால் வந்தவரைக் கவனியாது விட்டால் உயிரைக் கொண்டுபோகும் நோய்.

அகவணி என்பது யாது?

இதயம் தசையால் ஆனது என்பது பாடசாலைப் பிள்ளைகளும் அறிந்ததே. அந்தத் தசைச்சுவரின் உட்புறத்திலே, குருதியோடு நேரே தொடுகின்ற பக்கத்தில், மிக மெல்லிய வழவழப்பான ஒரு படை உண்டு. அதுவே அகவணி. இதயத்தின் நான்கு வால்வுகளையும் போர்த்திருப்பதும் இதுவே. வால்வுகள் என்பன குருதியை ஒரு பக்கமாக மட்டுமே போகவிட்டுத் திரும்பி வராமல் தடுக்கின்ற கதவுகள். ஒரு நாளைக்கு ஏறத்தாழ ஒரு இலட்சம் தடவை இவை திறந்து மூடுகின்றன. தேய்ந்த கதவிலே தூசி படிவதைப் போல, பழுதடைந்த வால்விலேதான் கிருமிகள் முதலில் தங்குகின்றன.

நல்ல நிலையில் உள்ள அகவணியில் கிருமி எளிதில் ஒட்டாது. அதன் வழவழப்பே அதற்குக் காவல். வால்வு சுருங்கியோ ஒழுகியோ இருந்தால் அதன் வழியே குருதி பீறிட்டுப் பாய்கின்றது. அந்தப் பாய்ச்சல் மோதுகின்ற இடத்தில் அகவணி உராய்ந்து புண்படுகின்றது. புண்பட்ட இடத்திலே, கையில் வெட்டுப்பட்டால் குருதி உறைவது போல, மிகச் சிறிய உறைவு ஒன்று படிகின்றது. அந்த நேரம் பார்த்துக் குருதியிலே பற்றீரியா ஏதும் ஓடிக்கொண்டிருந்தால் அது அந்த உறைவிலே ஒட்டிக்கொள்ளும். ஒட்டியபின் பெருகும். அதன் மேல் இன்னொரு படை உறைவு மூடும். இவ்வாறு படை படையாக வளர்ந்து, பூக்கோவாவின் சிறு துண்டு போன்ற ஒரு வளர்ச்சி வால்வின் ஓரத்தில் தொங்கத் தொடங்கும்.

இந்த வளர்ச்சியே எல்லாத் தொல்லைக்கும் மூலம். உள்ளே இருக்கின்ற கிருமிகளை உறைவு போர்வை போல் மூடியிருப்பதனால் உடலின் வெண்குருதிக் கலங்கள் அவற்றை நெருங்க முடிவதில்லை. வால்வின் இதழ்களுக்குக் குருதிக்குழாய்களும் மிகக் குறைவு. ஆகவே, சாதாரண தொண்டைநோவுக்கு 5 நாள், 7 நாள் கொடுக்கப்படும் மருந்து இங்கே எடுபடாது. அதைவிட ஆபத்தானது, அந்த வளர்ச்சியிலிருந்து சிறு துண்டுகள் பிய்ந்து குருதியோடு போவது. துண்டு மூளைக்குப் போனால் பக்கவாதம், சிறுநீரகத்துக்குப் போனால் சிறுநீரில் இரத்தம், காலின் குழாயை அடைத்தால் கால் குளிர்ந்து நிறம் மாறுதல் என்று, நோய் இருப்பது ஓரிடத்திலும் அதன் அட்டகாசம் வேறோரிடத்திலுமாக இருக்கும்.

வாதக்காய்ச்சலும் இந்நோயும்

இவ்விரண்டையும் ஒன்றென எண்ணுவோர் பலர். இரண்டும் வேறு, ஆனால் ஒன்று மற்றதற்கு வழி திறந்து விடுகின்றது. 5 வயதுக்கும் 15 வயதுக்கும் இடைப்பட்ட பிள்ளைகளுக்கு ஒருவகை ஸ்ரெப்ரோகொக்கஸ் கிருமியால் தொண்டைநோ வரும். அது மாறி இரண்டு மூன்று கிழமைக்குப் பின் சில பிள்ளைகளுக்குக் காய்ச்சலும், ஒரு மூட்டிலிருந்து இன்னொரு மூட்டுக்குத் தாவுகின்ற வீக்கமும் நோவும் ஏற்படும். இது மூட்டுவாதக் காய்ச்சல். கிருமியை எதிர்க்க உடல் உண்டாக்கிய எதிர்ப்பு, ஆள் மாறி இதயத்தையே தாக்குவதால் வருவது. இங்கே வால்வில் கிருமி இல்லை. மூட்டுநோ மாறிவிடும்; பிள்ளை ஓடி விளையாடும்; பெற்றோரும் மறந்துவிடுவர். ஆனால் தாக்குண்ட வால்வு தழும்போடு நிற்கும். மீண்டும் மீண்டும் அதே தொண்டைநோ வந்தால் தழும்பு கூடும்.

இதனால்தான் அத்தகைய பிள்ளைகளுக்கு மூன்று அல்லது நான்கு கிழமைக்கு ஒரு தடவை பென்சிலின் ஊசி ஆண்டுக்கணக்கில் போடப்படுகின்றது. அந்த ஊசி நோகும் என்பது உண்மை. பிள்ளை சுகமாய்த்தானே இருக்கின்றது, ஏன் வீணாக ஊசி என்று இடைநிறுத்தும் வீடுகள் உண்டு. பெண்பிள்ளை பெரியபிள்ளை ஆனதும், "இருதய வருத்தக்காரி" என்ற பெயர் ஊரில் பரவினால் கலியாணம் தடைப்படும் என்று கிளினிக் கொப்பியை ஒளித்து வைக்கும் வீடுகளும் உண்டு. பிற்காலத்தில் அகவணியில் கிருமி பிடிப்பதற்கான இடம் பல வேளைகளில் அப்படித்தான் ஆயத்தமாகின்றது. ஊசியை எப்போது நிறுத்துவது என்பதைத் தீர்மானிக்க வேண்டியவர் கிளினிக் வைத்தியரே; மாமியாரோ கலியாணத் தரகரோ அல்லர்.

கிருமி எங்கிருந்து வருகின்றது?

முதலாவது வாசல் வாய். பல்லின் இடுக்குகளிலும் முரசின் ஓரங்களிலும் ஸ்ரெப்ரோகொக்கஸ் இனக் கிருமிகள் எல்லோருக்கும் இருக்கின்றன. முரசு வீங்கி இரத்தம் கசிகின்ற வாயிலே, சாப்பிடும்போதும் பல்துலக்கும்போதும்கூட அவை குருதிக்குள் நுழைகின்றன. சுகதேகிக்கு அதனால் ஒன்றும் ஆவதில்லை. சில நிமிடங்களில் உடல் அவற்றை அழித்துவிடும். வால்வு பழுதடைந்தவருக்கு அந்தச் சில நிமிடங்களே போதும்.

இரண்டாவது வாசல் தோல். கொப்புளம், சீழ்க்கட்டு, ஆறாத காற்புண் என்பவற்றில் இருக்கும் ஸ்ரபிலோகொக்கஸ் ஓரியஸ் என்னும் கிருமி மிகக் கொடியது. நல்ல வால்வைக்கூட இது பற்றக்கூடியது. வாய்க் கிருமி மாதக் கணக்கில் மெல்ல மெல்லச் செய்வதை இது நாட் கணக்கில் செய்து முடிக்கும். நீரிழிவுக்காரரின் காற்புண்ணை அற்பமாக எண்ணலாகாது என்பதற்கு இதுவும் ஒரு காரணம். குருதி சுத்திகரிப்புச் செய்பவர்களின் கழுத்தில் அல்லது நெஞ்சில் பொருத்தப்படும் குழாய், நாளத்தில் நெடுநாள் விடப்படும் ஊசிக்குழாய், பேஸ்மேக்கர் கம்பி ஆகியவற்றின் வழியாகவும் இது நுழையும். போதைப்பொருளை ஊசியால் ஏற்றும் இளைஞர்களுக்கு இதயத்தின் வலப்பக்க வால்வில் இந்நோய் வருவது உலகெங்கும் அறியப்பட்டது. அவர்களிலே பிய்ந்த துண்டுகள் நுரையீரலுக்குப் போவதால் இருமலும் நெஞ்சுநோவுமாகவே அது வெளிப்படும். நிமோனியா என்று எண்ண இடமுண்டு.

குடலிலும் சிறுநீர்ப் பாதையிலும் வாழும் என்ரறோகொக்கஸ் கிருமி முதியோரிடம் காணப்படுகின்றது. குடலில் வாழும் ஒருவகை ஸ்ரெப்ரோகொக்கஸ் வால்வில் அகப்பட்டால் பெருங்குடலையும் சோதிக்க வேண்டும் என்பது மருத்துவ விதி. ஏனெனில் அந்தக் கிருமிக்கும் பெருங்குடற் புற்றுநோய்க்கும் தொடர்பு காணப்பட்டுள்ளது. பங்கசுவாலும் வேறு சில அரிய கிருமிகளாலும் இந்நோய் வருவதுண்டு.

செயற்கை வால்வு பொருத்தியவர்களும், முன்னர் ஒரு தடவை இந்நோய் வந்து சுகமானவர்களும், பிறவியிலேயே இதயக் குறைபாடு உள்ளவர்களிற் சில வகையினரும் மற்றவர்களிலும் பன்மடங்கு அவதானமாக இருக்க வேண்டியவர்கள். மூட்டுவாதக் காய்ச்சலால் வால்வு பழுதுபட்டோர் அடுத்த வரிசையில் நிற்கின்றனர். வயதானபின் வால்வில் சுண்ணாம்பு படிவதும் ஒரு காரணமே.

அறிகுறிகள்

இப்படி ஒரு வீட்டை எண்ணிப் பார்க்கலாம். நாற்பது வயதுத் தாய் ஒருத்தி. பின்னேரமானால் உடம்பு காய்கின்றது. இரவில் வேர்த்து உடுப்பு நனைகின்றது. சாப்பாட்டில் மனமில்லை. நாரிநோ, மூட்டுநோ. சட்டை தொளதொளத்து விட்டது. பாமசியில் சொல்லி வாங்கிய நுண்ணுயிர்க்கொல்லிக் குளிசையை மூன்று நாள் குடிக்கக் காய்ச்சல் விடுகின்றது. பத்து நாளில் திரும்ப வருகின்றது. இன்னொரு இடத்தில் இன்னொரு குளிசை. நாவூறு கழித்தாயிற்று, நூல் கட்டியாயிற்று. காசநோயோ என்று சளியும் சோதித்தாயிற்று. இரண்டு மாதம் போய்விட்டது. ஒருநாள் காலையில் தேநீர்க் கோப்பை கையிலிருந்து விழுகின்றது, வாய் கோணுகின்றது. அப்போதுதான் பெரிய வைத்தியசாலைக்கு ஓட்டம். சிறுவயதில் அவளுக்கு மூட்டுகள் வீங்கியதையும் ஊசி போட்டதையும் அங்கே வைத்தியர் கேட்டபின்தான் அவளின் தாய் நினைவுகூருகின்றாள்.

நோய் மெல்ல வரும் விதம் இதுதான். பத்துப் பேரில் ஒன்பது பேருக்குக் காய்ச்சல் இருக்கும். ஆயினும் முதியவர்களுக்கும் சிறுநீரக நோயாளருக்கும் காய்ச்சலே இல்லாமல் சோர்வு, பசியின்மை, மனக்குழப்பம் என்று மட்டும் வரலாம். வைத்தியர் நெஞ்சில் குழாய் வைத்துக் கேட்கும்போது இதய ஒலியோடு ஒரு முணுமுணுப்புக் கேட்கும். அது புதிதாகத் தோன்றியதா, முன்பிருந்தது மாறியதா என்பதே கேள்வி. பழைய கிளினிக் கொப்பியில் எழுதப்பட்டிருக்கும் ஒரு வரி அவ்வேளையில் பெறுமதி மிக்கது.

கண்ணால் காணக்கூடிய அடையாளங்களும் உண்டு. நகத்தின் கீழ் மரச்சிராய் ஏறியது போன்ற செங்கபிலக் கோடுகள். விரல் நுனிச் சதையில் நோவுடைய சிறு கட்டிகள். உள்ளங்கையிலும் உள்ளங்காலிலும் நோவில்லாத சிவந்த புள்ளிகள். கீழ்க்கண் இமையை இழுத்துப் பார்த்தால் ஊசிமுனை அளவு இரத்தப் பொட்டுகள். நகத்தில் ஒரு கோடு கண்டவுடன் பதறவும் வேண்டாம். விறகு கொத்துபவர், மண்வெட்டி பிடிப்பவர் நகங்களில் அடிபட்டும் அப்படிக் கோடு விழும். காய்ச்சலும் சேர்ந்திருந்தால்தான் அதற்குப் பொருள் உண்டு. இந்த அடையாளங்கள் எல்லா நோயாளரிடமும் தோன்றுவதுமில்லை. மண்ணீரல் வீங்குதல், இரத்தச்சோகையால் வெளிறுதல், சிறுநீரில் நுண்ணிய அளவில் இரத்தம் கலத்தல் என்பவற்றை வைத்தியரே கண்டுபிடிப்பார்.

வால்வு கிழிந்து போனால் காட்சி மாறிவிடும். படுத்தால் மூச்சு முட்டும், எழுந்து இருந்தால் குறையும், கால் வீங்கும். இது இதயம் தளர்ந்துவிட்டதன் அறிகுறி. அடுத்த நாள் கிளினிக்வரை காத்திருக்கும் விடயமன்று.

இசைமேதை ஒருவரின் நோய்

விரல் நுனிக் கட்டிகளுக்கு ஒஸ்லரின் பெயர் இடப்பட்டுள்ளது. கனடாவில் பிறந்த வைத்தியரான வில்லியம் ஒஸ்லர் 1885 இல் லண்டனில் ஆற்றிய விரிவுரைகளிலே இந்நோயை விரிவாக எடுத்துரைத்தார். ஆனால் அறிவது ஒன்று, காப்பாற்றுவது இன்னொன்று என்பதற்கு மேற்கத்திய இசையின் மேதையான குஸ்ராவ் மாலர் சாட்சி.

1907 இல் அவருடைய மூத்த மகள் குழந்தைப் பருவத்திலேயே இறந்தாள். அந்தத் துயரத்தின் நாட்களிலே அவருடைய இதய வால்வு பழுதுபட்டிருப்பது கண்டறியப்பட்டது. பின்னர் அவர் நியூயோர்க் சென்று இசைக்குழுக்களை நடத்தினார். 1911 பெப்ரவரி 21 ஆந் திகதி, தொண்டைநோவும் காய்ச்சலும் இருக்கவே கார்னகி மண்டபத்தில் நிகழ்ச்சியை நடத்தினார். அதுவே அவருடைய கடைசி மேடை. இந்நோயில் அக்காலத்தில் பேர்பெற்றிருந்த இமானுவேல் லிப்மன் என்ற வைத்தியர் வந்து பார்த்தார். இதயத்தில் முணுமுணுப்பு, மண்ணீரல் வீக்கம், தோலிலும் கண்ணிலும் இரத்தப் பொட்டுகள். அவருடைய உதவியாளரான ஜோர்ஜ் பேயர் மாலர் தங்கியிருந்த ஹோட்டலுக்கே சென்று குருதி எடுத்து வளர்ப்பில் இட்டார். சில நாட்களில் ஸ்ரெப்ரோகொக்கஸ் முளைத்தது. மாலர் உண்மையை மறைக்காமல் சொல்லுமாறு கேட்டார். சொன்னபின் வியன்னாவில் இறக்க விரும்பினார். பாரிசில் நிபுணரைக் கண்டும் பயனில்லை. 1911 மே 18 இல் வியன்னாவில் 50 வயதில் காலமானார்.

நோய் இன்னதென்று சரியாகச் சொல்லியும் கொடுக்க மருந்து இருக்கவில்லை. பென்சிலின் நோயாளரின் கைக்கு வந்தது 1940 களிலேதான். அதற்கு முன்னர் இந்நோய் வந்தோர் ஏறத்தாழ எல்லோரும் இறந்தனர். இன்று மருந்து இருக்கின்றது. இன்று தவறிப்போவது பெரும்பாலும் நேரமே.

சோதனையும் சிகிச்சையும்

மாலருக்குச் செய்த அதே சோதனைதான் இன்றும் முதன்மையானது. உடலின் வெவ்வேறு இடங்களிலிருந்து, பொதுவாக மூன்று தடவை, குருதி எடுத்து வளர்ப்பில் இடுவர். இங்கே கவனிக்க வேண்டியது ஒன்று: நுண்ணுயிர்க்கொல்லி குடித்தபின் எடுத்த குருதியில் கிருமி முளைக்காமல் போகலாம். வால்வில் கிருமி சாகவில்லை; குருதியில் மட்டும் தலைமறைவாகி விடுகின்றது. எந்தக் கிருமி என்று தெரியாவிட்டால் எந்த மருந்து என்றும் திடமாகச் சொல்ல முடியாது. சீட்டில்லாமல் பாமசியில் வாங்கும் மூன்று நாட் குளிசை செய்யும் பெரிய கெடுதல் இதுதான். எடுத்திருந்தால் அதை வைத்தியரிடம் மறைக்காமல், முடிந்தால் குளிசை மட்டையையும் கொண்டுபோய்க் காட்ட வேண்டும். ஏசுவார் என்று பயந்து மறைப்பதால் நோயாளிக்கே நட்டம்.

மற்றைய சோதனை எக்கோ. நெஞ்சின் மேல் கருவியை வைத்து ஒலி அலைகளால் வால்வைப் பார்ப்பது, நோவில்லாதது. தெளிவாகத் தெரியாவிட்டால் சிறு குழாயைத் தொண்டை வழியாக உணவுக்குழாயினுள் விட்டுப் பின்புறமிருந்து பார்ப்பர். முதல் எக்கோ சரியாக இருந்தும் சந்தேகம் தீராவிட்டால் ஒரு கிழமையளவில் திரும்பச் செய்வதும் வழக்கம்.

சிகிச்சை பெரும்பாலும் 4 முதல் 6 கிழமை. மருந்து நாளத்தின் வழியே ஏற்றப்படும். பத்தாம் நாளே காய்ச்சல் விட்டு நோயாளி எழுந்து நடமாடுவார்; "இனி என்னத்துக்கு, வீட்டை போவம்" என்ற கதை அப்போதுதான் தொடங்கும். வீட்டில் சின்னப்பிள்ளைகள், மாடு, வயல், விடுதியில் துணைக்கு நிற்க ஆளில்லாமை எல்லாம் உண்மையான கஷ்டங்களே. ஆனால் உறைவின் உள்ளே உறங்குகின்ற கிருமிகள் அந்தக் கடைசிக் கிழமைகளிலேதான் அழிகின்றன. துணைக்கு நிற்பதை அயலவரும் உறவினரும் முறைவைத்துப் பகிர்ந்துகொண்டால் நோயாளி சொந்த விருப்பில் துண்டு வெட்டிக்கொண்டு வரவேண்டிய நிலை வராது. வால்வு சிதைந்தவர்களுக்கும், மருந்துக்கு அடங்காதவர்களுக்கும், பெரிய வளர்ச்சி தொங்குபவர்களுக்கும் சத்திரசிகிச்சை வேண்டியிருக்கும். இவ்வளவு செய்தும் ஐந்து பேரில் ஒருவரளவில் இழக்க நேர்வதுண்டு என்பதால், இந்நோயின் பாரதூரம் விளங்கும்.

பல்லும் தோலும்

முன்னர் இதயத்தில் எந்தக் குறை இருந்தாலும் பல் பிடுங்குமுன் நுண்ணுயிர்க்கொல்லி கொடுக்கப்பட்டது. 2007 இல் அமெரிக்க இதயச் சங்கம் தன் வழிகாட்டலை மாற்றி, செயற்கை வால்வு உடையோர், முன்னர் இந்நோய் வந்தோர் போன்ற மிகுந்த ஆபத்துள்ளவர்களுக்கு மட்டும் போதும் என்றது. பல் பிடுங்கும் ஒரு நாளிலும் பார்க்க, சூத்தைப்பல்லோடும் வீங்கிய முரசோடும் கழிகின்ற 365 நாட்களிலேதான் கிருமி அதிகம் குருதிக்குள் போகின்றது என்பதே காரணம். ஆகவே, தினம் இரு வேளை பல்துலக்குவதும், நோ வராவிட்டாலும் பல் வைத்தியரிடம் காட்டுவதும் குளிசையிலும் பெரிய காப்பு. மூட்டுவாதத்தால் வால்வு பழுதானவர்கள் தமக்குக் குளிசை வேண்டுமா என்பதைத் தம் கிளினிக்கிலேயே கேட்டுக்கொள்ள வேண்டும். வெற்றிலை, புகையிலை போட்டு முரசு கரைந்தவர்களுக்கு இதை இரண்டு தடவை சொல்ல வேண்டும்.

திருவிழாக் காலத்தில் இன்னொன்றும் நினைவில் வரவேண்டும். செடில் குத்துதல், அலகு குத்துதல், தூக்குக்காவடி என்பன தோலைத் துளைப்பவை. செயற்கை வால்வு உள்ளோரும் இந்நோய் வந்து சுகப்பட்டோரும் உடலைத் துளைக்கும் எதனையும், அது காதணியோ பச்சை குத்தலோ ஆயினும், தவிர்ப்பதே நல்லது என்பது மருத்துவர்களின் பொதுவான கருத்து. அத்தகையோருக்கு நேர்த்திக்கடன் இருந்தால் பாற்காவடியோ, பாற்செம்போ, கற்பூரச்சட்டியோ எடுக்கலாம். ஆலயத்தாரும் வீட்டாரும் அதைக் குறைவாகப் பேசாதிருந்தாற் போதும். பிரதட்டை செய்யும்போது தோள்மூட்டிலும் முழங்கையிலும் தோல் உரிவது வழக்கம். உரிந்த இடத்தைச் சுத்தமான நீராலும் சவர்க்காரத்தாலும் கழுவியபின், நெற்றிக்குரிய திருநீற்றை நெற்றியிலேயே வைத்துக்கொண்டு, காயத்தைச் சுத்தமான துணியால் மூடுவது நல்லது. மஞ்சளும் சாம்பலும் அள்ளி அப்பப்பட்ட காயத்தில் சீழ் கட்டி வைத்தியசாலைக்குப் போவோர் உண்டு.

வால்வு வருத்தம் இருப்பவர் வீட்டில், கிளினிக் கொப்பி எங்கே இருக்கின்றது என்பது இன்னும் ஒருவருக்காவது தெரிந்திருக்க வேண்டும். இடம்பெயர்வுகளிலும் 2004 சுனாமியிலும் பலருடைய கொப்பிகள் போயின. போனவர்கள் கிளினிக்கில் புதிதாக ஒன்று எழுதுவித்து, என்ன வால்வு, என்ன சத்திரசிகிச்சை, எந்த மருந்து ஒவ்வாது என்ற மூன்றையும் முதற் பக்கத்திலே குறித்து வைக்கலாம். காய்ச்சல் ஒரு கிழமையைத் தாண்டினால், வெளிநோயாளர் பிரிவில் வாயைத் திறந்து சொல்ல வேண்டிய முதல் வசனம் "எனக்குக் காய்ச்சல்" என்பதன்று. "எனக்கு வால்வு வருத்தம் இருக்கின்றது, இத்தனை நாளாகக் காய்ச்சல் விடவில்லை" என்பதே.